நாற்பத்தோராம் பக்கத்துக் கட்டைவிரல்

நூலகத்தின் பின்னறையில் ஜன்னல் திரை முழுதாக மூடவில்லை. அந்த இடுக்கில் விழும் வெயில் கோட்டில் பழைய காகிதத்தின் தூள் மிதக்கிறது. ஸ்கேன் எடுக்கும் பெண், படகுக்காரர்கள் பாடிய பாட்டுகளின் புத்தகத்தை மூச்சைப் பிடித்துக்கொண்டு புரட்டுகிறாள். மிஞ்சியிருப்பது இந்த ஒரே பிரதிதான். பளிச்சென்று விளக்கு எரிந்து அணைகிறது. கம்ப்யூட்டரில் நாற்பத்தோராம் பக்கம் வருகிறது. ஓரத்தில் அவளுடைய கட்டைவிரலும், நகத்தில் பாதி உதிர்ந்த சிவப்புப் பாலிஷும் கூடவே வருகின்றன. படத்தில் விரல் விழுந்தால் மறுபடி எடுக்க வேண்டும் என்பது விதி. விதி போட்டவர்கள் இந்தக் காகிதத்தைத் தொட்டுப் பார்த்ததில்லை. அவள் பக்கத்தை மெல்லத் தூக்குகிறாள். அது சருகாக நொறுங்கி மேசையில் உதிர்கிறது. “போச்சு சார்,” என்கிறாள், கையை எடுக்காமலே. மூலை நாற்காலியிலிருந்து நூலகர் எழுந்து வந்து, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுக் குனிந்து கம்ப்யூட்டரில் இருக்கும் பக்கத்தைப் பார்க்கிறார். உதடுகள் மட்டும் அசைகின்றன. மேசை விளிம்பில் அவர் விரல்கள் துடுப்புப் போடும் தாளத்தில் தட்டுகின்றன. “எட்டு வரியும் அப்படியே இருக்கே. என்னம்மா போச்சு?” “என் விரல் விழுந்திருக்கு சார்.” “விழட்டும். எழுத்து மேல படலையே. இனிமே இந்தப் பாட்டு இருக்கிற வரைக்கும் உன் விரலும் இருக்கும்.” தூளைத் தூரிகையால் ஓர் உறைக்குள் தள்ளி, பக்க எண்ணை எழுதுகிறார். அவள் நகத்தை வெயில் கோட்டில் நீட்டிப் பார்க்கிறாள். “முன்னாடியே தெரிஞ்சிருந்தா ஒழுங்கா பாலிஷ் போட்டுட்டு வந்திருப்பேன் சார்.”