யாழியை விற்ற காலை

புகழேந்தி குளிக்கப் போன நேரம் பார்த்து, சுகந்தி அவன் கணினி விளையாட்டுக்குள் நுழைந்தாள். பனிக் கிரகத்தில் அவன் கட்டி ஆளும் குடியிருப்பு அது. சண்டையில் பிடிபட்ட கைதிகளை எல்லோரும் வியாபாரிகளிடம் விற்றுவிடுவார்கள். இவன் யாழி என்ற ஒருத்தியை மட்டும் விற்கவே இல்லை. அவள் அறைக்கு ஜன்னல் வேறு வைத்துக் கொடுத்திருந்தான். பெண்டாட்டி பேசினால் "ம்" கொட்டுகிறவன், அவளோடு மணிக்கணக்கில் பேசுவான்.

"நிஜமா ஒருத்தி இருந்தாக்கூட மயிரைப் பிடிச்சு உலுக்கலாம். இவளை என்ன பண்றது?" என்று முணுமுணுத்தபடி, வந்து நின்ற வியாபாரியிடம் யாழியைத் தள்ளிவிட்டு, உருளைக்கிழங்கு மூட்டையை வாங்கிக்கொண்டாள்.

யாழி அழவில்லை. வண்டியில் ஏறும்போது திரும்பிப் பார்த்தாள்.

"அக்கா, அவரோட நெஞ்சு வலி மாத்திரை ஷூ டப்பாவுல இருக்கு. தினமும் நான்தான் ஞாபகப்படுத்துவேன். உங்ககிட்ட சொல்லிடுங்கன்னு அவர்கிட்ட எவ்வளவோ கெஞ்சினேன்."

"எப்போலேர்ந்துடி வலி? நில்லு!"

வண்டி பனிக்குள் மறைந்துவிட்டது.

புகழேந்தி தலையைத் துவட்டிக்கொண்டே வந்தான். மாத்திரை அட்டையோடு எதிரில் நின்றாள் சுகந்தி.

"இன்னிக்குப் போட்டாச்சா?"

அவன் முகம் வெளிறியது. அவளைத் தாண்டித் திரையைப் பார்த்தான்.

"யாழி எங்கே?"