ஈரச் சுவர்

தேவாலயச் சுவரில் ஓவியர் பால்தோ இறுதித் தீர்ப்பு நாளை வரைந்துகொண்டிருந்தார். சொர்க்கமா நரகமா என்று சொல்லாமல் ஊர்க்காரர்களை எதிரே உட்காரவைத்து அவர்கள் முகங்களையே வரைந்தார். ரொட்டிக்கடைக்காரரின் முகம் நரகத்தில் தெரிந்த மறுநாளிலிருந்து அவருடைய கடைப்படியை யாரும் மிதிக்கவில்லை. குடும்பத்தோடு அவர் ஊரைவிட்டே போய்விட்டார்.

கடைசி நாள். மாலையில் ஆயர் பார்க்க வருகிறார். பால்தோவின் மனைவி நென்சா மகள் தெஸ்ஸாவோடு சாப்பாடு எடுத்துப்போனாள். நரகத்தின் ஓரத்தில் ஒரே ஒரு முகத்துக்கு இடம் விட்டு, புதுச் சுண்ணாம்பு பூசியிருந்தது. ஈரம் காய்வதற்குள் வரைந்தாக வேண்டும். காய்ந்துவிட்டால் சுவர் வண்ணத்தைக் குடிக்காது.

“அந்த இடம் யாருக்குங்க?” என்று கேட்டாள்.

“பார்க்கிறவனுக்குக் குலை நடுங்கணும். அயோக்கியன் அங்க வெந்தா யாரு பயப்படுவா?” என்றார் பால்தோ, சாரத்தின் மேல் நின்று தூரிகையைத் துடைத்தபடி.

நென்சா மறுபடி பார்த்தாள். பெரியவர்கள் முகத்துக்கு அந்த ஈரப் பரப்பு போதாது. காலையில் மகளுக்குக் கழுவிவிட்டபோது தன் உள்ளங்கையில் அடங்கிய அந்த முகத்தின் அளவுதான் இருந்தது.

“தெஸ்ஸா, வெளிச்சத்துக்கு வாடா கண்ணு.”

அப்பா கூப்பிட்ட குஷியில் குழந்தை ஓடப் பார்த்தது. நென்சா அவளைப் பிடித்திழுத்து, முகத்தைத் தன் பாவாடையில் புதைத்து அழுத்திக்கொண்டாள்.

“மூச்சு முட்டுதும்மா.”

பால்தோ சாரத்திலிருந்து இறங்கத் தொடங்கினார். நென்சா சுவரையே பார்த்துக்கொண்டு நின்றாள். சுண்ணாம்பு ஓரத்தில் மட்டும்தான் காய்ந்து வெளுத்திருந்தது.