பொழுது சாய்ந்த பின் பறக்கும் கொடி

கடலோர வீட்டுத் தோட்டத்தில் கொடிக்கம்பத்தின் கயிறு சிக்கிக்கொண்டிருக்கிறது. போர் நடக்கும் நாட்டுக்கு நாளை தூதராகப் புறப்படும் தாக்மாரை வழியனுப்பக் காலையில் ஏற்றிய டென்மார்க் கொடி, வெளிச்சம் போன பிறகும் இறங்க மறுக்கிறது. "அக்கா, இருட்டினப்புறம் கொடி பறந்தா பிசாசுக்கு வரவேற்புன்னு அர்த்தம்!" என்று சிரிக்கிறாள் தங்கை சிக்ரித். "வரட்டுமேடி. பிசாசுங்ககிட்ட பேசித்தானே இத்தனை வருஷமா சம்பளம் வாங்கறேன்!" என்கிறாள் தாக்மார். சட்டென்று காற்று நிற்கிறது. விருந்து மேசையில் மெழுகுவத்திகள் ஆடாமல் எரிகின்றன. கொடி மட்டும் படபடக்கிறது. பிறகு தானாகவே சரிந்து, சாவு விழுந்த வீட்டில் பறப்பதுபோல, அரைக்கம்பத்தில் நின்றுவிடுகிறது. "அக்கா, நீ போகாதே." தாக்மார் கயிற்றைப் பலங்கொண்ட மட்டும் இழுக்கிறாள். மேலேயிருந்து யாரோ, அவசரமே இல்லாமல், திருப்பி இழுக்கிறார்கள்.