உரியாத தோல்

அடையாளத்தின் விலை ஐந்து வெள்ளி. நுழைவுச்சீட்டில் அப்படித்தான் அச்சடித்திருக்கிறார்கள். மெர்லிமாவ் ஊர் மண்டபத்தில், கோலாலம்பூர்க் கலைஞர் புவனேந்திரன் வெற்று மார்பில் ரப்பர் பால் பூசி, வீடியோ கேமரா முன் நிற்கிறார். காய்ந்த பாலை ஒரே இழுப்பில் உரித்து, தன் தாத்தாவின் தோட்டக் கூலித் தோலைக் களைந்து புது மனிதனாவதுதான் நிகழ்ச்சி. விளக்குச் சூட்டில் பால் மஞ்சளாகி, மார்முடியோடு இறுகிவிட்டது. "உடல் ஓர் அரசியல்" என்று முழங்கி இழுக்கிறார். "ஐயோ" என்று முடிக்கிறார். பார்வையாளர் வரிசையிலிருந்து, இருபது வருடம் ரப்பர் மரம் சீவிய காளியம்மா எழுந்து வருகிறார். "எண்ணெ தடவாமயா பூசுன, தம்பி? தோட்டத்துல சின்னப் பிள்ளைக்கும் தெரியும்லா!" புவனேந்திரன் பதறுகிறார்: "கேமராவ ஆஃப் பண்ணுங்க!" யாரும் நிறுத்தவில்லை. காளியம்மா பாலின் ஓரத்தை நகத்தால் நெம்பிப் பிடித்து, ஒரே இழுப்பு. இடப்பக்கம் தீர்ந்தது, வலப்பக்கம் பாக்கி.