பதினெட்டாவது டைல்

ஆறு மணிக்கு எழுந்தேன். மோட்டார் போட்டேன். பாலை அடுப்பில் வைத்துவிட்டு, அது பொங்குவதற்குள் பல் தேய்த்தேன். டீ குடித்தேன். டம்ளரைக் கழுவிக் கவிழ்த்தேன்.

பிறகு வாளியில் தண்ணீர் பிடித்து, இரண்டு மூடி பினாயில் ஊற்றி, மாப்பை நனைத்தேன்.

சமையலறையில் பதினாறு டைல். ஹாலில், சமையலறை வாசலை ஒட்டி இரண்டு. பதினெட்டாவதில் நிறுத்தி மாப்பைப் பிழிந்தேன்.

ஹாலில் அத்தை நின்றிருந்தார். என் மனைவியின் அம்மா. பதினோரு மணிக்கு வங்கியில் கையெழுத்துப் போட்டு வீட்டுப் பத்திரத்தைத் திரும்ப வாங்க வேண்டும். துணைக்கு வந்திருக்கிறார். நேற்றிலிருந்து அவர் நடந்த இடமெல்லாம் தூசியில் பாதத் தடம்.

"என்ன மாப்ள, இதோட விட்டுட்டீங்க? மிச்சத்த யாரு துடைப்பா?"

"இருக்கட்டும் அத்தை."

இந்தப் பதினெட்டு டைலில் ஒவ்வொன்றின் மூலையிலும் சிவப்பு நெயில் பாலிஷில் ஒரு பொட்டு இருக்கிறது. என் மனைவி வைத்தது.

கடன் கிடைத்த அன்று அவள் வீட்டிலிருக்கும் டைல்களை எண்ணினாள். இருநூற்றுப் பன்னிரண்டு. கடனை அதால் வகுத்து, ஒரு டைலுக்கு இவ்வளவு என்று காலண்டரின் பின்பக்கம் எழுதினாள். மாதாமாதம் தவணையில் வட்டி போக அசலில் எவ்வளவு கழிகிறதோ, அந்த அளவுக்கு டைல் நம்முடையது.

முதல் தவணைக்கு ஒரு டைலில் மூன்றில் ஒரு பங்குதான் வந்தது.

கணக்கு தப்பு என்றேன். இருபது வருடம், இருநூற்று நாற்பது தவணை. மாதம் ஒரு டைலாவது, கிட்டத்தட்ட, வர வேண்டாமா?

அவள் என் தலையில் காலண்டரால் தட்டினாள். "மக்கு. நாம வாங்கறது ரெண்டு வீடு. ஒண்ணு நமக்கு, இன்னொண்ணு வட்டிக்கு. வட்டியோட வீட்டத்தான் முதல்ல கட்டிக்கிட்டு இருக்கோம்."

நான்கு வருடம் கட்டினோம். நாற்பத்தெட்டு தவணை. பதினெட்டு பொட்டு.

சமையலறையிலிருந்து ஆரம்பித்தது அவள் யோசனைதான். பேங்க்காரன் வந்து வெளியே போ என்றாலும், நின்று ஒரு டீ போட்டுக் குடித்துவிட்டுப் போகலாமாம்.

துடைப்பது என் வேலை. மாப் பிடிக்கிற பிள்ளைதான் மாப்பிள்ளை என்பாள், அத்தை எதிரிலேயே. அத்தை வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போய்விடுவார்.

கடன் அவள் பேரில். சம்பளம் அவளுக்குத்தான் அதிகம். அந்தக் கடனுக்கு ஒரு காப்பீடும் எடுத்தாள். பிரீமியம், அவள் கணக்கில், இரண்டு டைல். தண்டம் என்று நான் மூன்று நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன். போனால் போகிறது ரெண்டு டைல் என்று அவள் கையெழுத்துப் போட்டாள்.

அந்த இரண்டு டைல்தான் மிச்சம் நூற்றுத் தொண்ணூற்று நான்கையும் அடைத்திருக்கிறது. வங்கியின் கடிதம் ஃப்ரிட்ஜ் மேல் கிடக்கிறது. 'பாக்கி ஏதுமில்லை' என்று போட்டிருக்கிறார்கள். எழுதியவர்மேல் தப்பில்லை.

மூன்று மாதம் ஆகிறது. ஒரு புதன்கிழமை மத்தியானம், அலுவலகத்தில் நாற்காலியிலிருந்து எழுந்தவள் அப்படியே சரிந்தாள். நான் ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தபோது பேச்சு இல்லை. மறுநாள் அவளும் இல்லை.

அத்தை கிட்டே வந்து மாப்பின் கம்பைப் பிடித்தார்.

"குடுங்க, நான் துடைக்கறேன். வயசாயிடுச்சுதான், கை விளங்காமப் போயிடல."

நான் விடவில்லை. அவரும் விடவில்லை. ஒரே கம்பைப் பிடித்துக்கொண்டு இரண்டு பேரும் நின்றோம். நான் பதினெட்டாவது டைலில். அவர் பத்தொன்பதாவதில். அதில் பொட்டு இல்லை.

அவர் என் முகத்தைப் பார்க்காமல், மூன்று மாதமாகக் கேட்பதைக் கேட்டார்.

"கடைசியா ஏதாவது சொன்னாளா மாப்ள?"

எப்போதும் ஒரு பதில் வைத்திருப்பேன். அம்மாவை நல்லாப் பாத்துக்கோ என்று சொன்னாள் என்பேன். அவர் தலையை ஆட்டிக்கொள்வார். அவருக்கு அது வேண்டியிருந்தது. எனக்கும் அது சுலபமாக இருந்தது.

இன்று அந்தப் பொய் வாயில் வரவில்லை.

அந்தப் புதன்கிழமை காலை நடந்ததை அத்தையிடம் சொன்னேன். அன்று எனக்கு நேரமாகிவிட்டது. பதினெட்டை மட்டும் துடைத்துவிட்டு, நம்முடையது முடிந்தது, பேங்க்காரன் வீட்டை நான் ஏன் துடைக்க வேண்டும் என்று மாப்பைச் சுவரில் சாய்த்தேன். அவள் தலை வாரிக்கொண்டிருந்தாள். சீப்பைக் கூந்தலிலேயே செருகிக்கொண்டு வந்து மாப்பை எடுத்தாள்.

சாயங்காலம் ஆஸ்பத்திரிக்கு அவள் துணிமணி எடுக்க வந்தேன். ஹால், படுக்கையறை, பால்கனிக் கதவு வரை பளிச்சென்று இருந்தது. மாப் பிழிந்து கொடியில் தொங்கியது. அதற்குப் பிறகு எத்தனையோ பேர் செருப்போடு வந்து போனார்கள். அவள் துடைத்ததன் மேல் நான் துடைக்கவில்லை.

அத்தை கம்பை விடாமல் கேட்டுக்கொண்டிருந்தார். மாப்பிலிருந்து தண்ணீர் எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் சொட்டியது.

"அப்பதான் சொன்னா அத்தை. 'சரி, நீ கிளம்பு. பேங்க்கோடத நான் பாத்துக்கறேன்.'"