சிவப்புத் தலைத்துணி
பபேடான் வட்டாரத்துப் பழம்பொருள் கடையின் கண்ணாடிப் பெட்டிமேல் மத்தியான வெயில் ஏறி உட்கார்ந்திருக்கிறது. சாயம் மங்கிய சிவப்புத் தலைத்துணியின் ஒரு முனை கடைக்காரர் செல்லக்கண்ணுவின் கையில். மறுமுனை, விற்க வந்த சீனக்காரன் கோ சானின் கையில். “சீனாவுல வெள்ளைக்காரனை விரட்டப் பாத்த பாக்ஸர் கலகத்துல எங்க பூட்டன் கட்டுனது, அண்ணே. கட்டுனா குண்டு பாயாதுன்னு நம்புனாங்க.” “பாயலியா?” “பாய்ஞ்சிருச்சு.” விற்க வந்தவன் உண்மை பேசினால் செல்லக்கண்ணுவுக்குச் சந்தேகம் இரட்டிப்பாகும், போன வாரம்தான் இப்படி உண்மை பேசிய ஒருவனிடம் போலிச் சிலை வாங்கி ஏமாந்தவர். எச்சில் தொட்டுத் தேய்க்கிறார். விரலில் சிவப்பு ஒட்டவில்லை. முகர்கிறார், அந்துருண்டை வாசம். மெல்ல இழுத்துப் பார்க்கிறார். போலிச் சரக்குக்காரன் இந்நேரம் துணியை அவர் மடியிலேயே தள்ளியிருப்பான். கோ சானின் பிடியோ இறுகுகிறது. “விக்கத்தானேப்பா வந்தே?” “ஆமாண்ணே,” என்கிறான் அவன், விடாமல்.