ஆறு வார விதி

கையும் களவுமாக மாட்டிக்கொள்வது என்றால் இதுதான். லிஃப்ட் மெக்கானிக் சோபாவில் மல்லாந்து கிடந்து கால்பந்து மேட்ச் பார்த்துக்கொண்டிருந்தான். பிள்ளை பெற்று மூன்று வாரம்கூட ஆகாத அவன் மனைவி குளியலறையில் நின்று குழந்தைத் துணிகளை அலசிக்கொண்டிருந்தாள். அந்த நேரம் பார்த்து வாசல் மணி அடித்தது.

கதவுத் துளை வழியாகப் பார்த்தான். வெள்ளைச் சட்டை, கையில் தோல் பை, கழுத்தில் நீல நாடாவில் தொங்கும் அட்டை.

"யாருங்க?"

"காப்பீட்டு ஆபீஸ். பிரசவப் பிரிவு. திடீர் சோதனை."

அவன் கதவிலிருந்து சட்டென்று பின்வாங்கினான்.

அரசாங்கக் காப்பீட்டில்தான் அவளுடைய பிரசவமே நடந்தது. செக்கப், ஸ்கேன், ஆஸ்பத்திரிப் படுக்கை எதற்கும் அவன் பாக்கெட்டில் கை விடவில்லை. பிள்ளை பிறந்த பிறகும் ஒரு வருஷத்துக்குத் தாயின் வைத்தியம் முழுக்க அவர்கள் பொறுப்பு. வீட்டுக்கே வந்து பார்த்துவிட்டுப் போக ஒரு நர்ஸம்மாவும் உண்டு. முதல் தடவை வந்தபோதே அந்த அம்மா இவனைத் தனியாகக் கூப்பிட்டு எச்சரித்திருந்தார்.

"ஆறு வாரத்துக்கு அவங்க ஒரு துரும்பைக்கூடத் தூக்கிப் போடக்கூடாது. சமையல், துணி, பாத்திரம் எல்லாம் நீங்கதான். இது காப்பீட்டு விதி. சொல்லாம கொள்ளாம ஆபீசர் வருவார். அவங்க வேலை செய்யறதைப் பார்த்தார்னா அன்னைக்கே கார்டு ரத்து!"

முதல் வாரம் பம்பரமாகத்தான் சுழன்றான், குறை சொல்லக்கூடாது. இரண்டாம் வாரம், 'எந்த ஆபீசர் வரப்போறார்' என்று தோன்ற ஆரம்பித்தது. மூன்றாம் வாரம் சோபா கூப்பிட்டது, போய்விட்டான். இப்போது ஆபீசர் வந்தே விட்டார்.

"போச்சு! போய்ப் படு!" என்று மனைவியைப் பார்த்துக் குரலை அடக்கிக் கத்தினான். "மெதுவா போ... மெதுவா, ஆனா சீக்கிரம்!"

அவள் கட்டிலுக்குப் போய்ப் போர்த்திக்கொண்டாள். இவன் டிவியை அணைத்து, ஒரு டவலை இடுப்பில் கட்டி, ஈரத்துணி ஒன்றைத் தோளில் போட்டுக்கொண்டு, பாவப்பட்ட முகத்தோடு கதவைத் திறந்தான்.

ஆபீசர் நேராகக் குளியலறையை எட்டிப் பார்த்தார்.

"துணி யார் துவைக்கறது?"

"நான்தான் சார். இப்பக்கூட அந்த வேலையாத்தான்..."

"மஞ்சள் கறையை எப்படி எடுக்கறீங்க?"

"மண்ணெண்ணெய்..." என்று தொழில் பழக்கத்தில் ஆரம்பித்துவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டான்.

கட்டிலிலிருந்து மனைவி கைகொடுத்தாள். "வெயில்ல காயப்போட்டுத்தான் எடுப்பார் சார். தங்கமான மனுஷர்!"

"உங்களைக் கேக்கலைம்மா. நீங்க ஓய்வு எடுங்க."

தொட்டிலில் குழந்தை வீரிட்டது. மெக்கானிக் எந்தப் பக்கம் பிடித்துத் தூக்குவது என்று தடுமாறுவதற்குள் ஆபீசர் லாகவமாக எடுத்துத் தோளில் சாய்த்து முதுகைத் தட்டினார். ஒரு ஏப்பம். அழுகை நின்றது. பரவாயில்லையே, ஆபீசர்களுக்கு நல்ல டிரெயினிங்தான் கொடுக்கிறார்கள் என்று மெக்கானிக் நினைத்தான்.

குழந்தையைத் தாயிடம் கொடுத்துவிட்டு ஆபீசர் திரும்பினார்.

"உங்க சட்டைக் கை காய்ஞ்சு கிடக்கு. அவங்க விரலெல்லாம் தண்ணியில ஊறிச் சுருங்கியிருக்கு. யாரு காதுல சார் பூ சுத்தறீங்க?"

மெக்கானிக் அப்படியே சோபாவில் உட்கார்ந்தான். உட்கார்ந்த இடம் எதுவென்று தெரிந்ததும் துள்ளி எழுந்தான்.

"தப்பு என்னுது சார். அவ மேல ஒண்ணுமில்ல. அவளுக்கு இன்னும் பிரஷர் இறங்கலை, வாரா வாரம் வரச் சொல்லியிருக்காங்க. கார்டு போச்சுன்னா எங்கே சார் கூட்டிட்டுப் போவேன்? என்னை ஜெயில்ல வேணா போடுங்க. அவ கார்டுல மட்டும் கை வெச்சுடாதீங்க!"

பாழாய்ப்போன மேட்ச்சுக்காக இவளை ஈரத்தில் நிற்க வைத்தோமே என்று தன் மேலேயே ஆத்திரமாக வந்தது. போர்வைக்குள் அவள் குலுங்கினாள். அழுகிறாள் என்று நினைத்து இவன் அவசரமாக ஆபீசர் பக்கம் திரும்பினான்.

"ஒரு காபி போடட்டுமா சார்?"

"லஞ்சமா?"

"ஐயையோ, இல்ல சார்!"

"போடுங்க. போடத் தெரியுதான்னு பார்க்கறேன்."

காபி வந்தது. ஒரு வாய் குடித்த ஆபீசர் முகத்தைச் சுளித்தார். சர்க்கரை போட மறந்திருந்தான். ஆனாலும் மனிதர் முழுவதும் குடித்துவிட்டுத்தான் டம்ளரைக் கீழே வைத்தார்.

"பயப்படாதீங்க. கார்டு எங்கேயும் போகாது. ஒரு வருஷத்துக்கு அதை யாராலும் அசைக்க முடியாது. ஆனா உங்களுக்குத் தண்டனை உண்டு."

"எதுவா இருந்தாலும் சரி சார்! இனிமே சத்தியமா அவளை எழுந்திருக்க விடமாட்டேன்!"

ஆபீசர் தன் கழுத்திலிருந்த அட்டையைக் கழற்றி மெக்கானிக்கின் கழுத்தில் மாட்டினார். போர்வைக்குள்ளிருந்து சிரிப்பு பீறிட்டு வந்தது.

"சார்... இது உங்க அட்டையாச்சே?"

"நான் பஸ் டிரைவருங்க, போன மாசம் எங்க வீட்டுச் சோபாவுல இதே மாதிரி மாட்டினவன், இந்த விதி, சோதனை, அட்டை எல்லாமே நர்ஸம்மா கைங்கரியம், வர்ற ஞாயித்துக்கிழமை பக்கத்துத் தெரு வீட்டுக்கு நீங்கதான் ஆபீசர்!"